கைக்குத் தெரிந்த எழுத்து

அன்புள்ள அக்கா,

"காலேஜ் படிச்ச பிள்ளைக்கு அ, ஆ சொல்லிக் கொடுத்துக்கிட்டு இருக்கேன்" என்று போன வாரம் போனில் அழுதீர்கள். எனக்கு உடனே பதில் வரவில்லை. அன்றிரவு லூரியாவின் புத்தகங்களை எடுத்து மறுபடி படித்தேன். நீங்கள் சரி என்றதால் பொதுவில் எழுதுகிறேன். தலையில் அடிபட்ட பிள்ளையோடு இன்னும் எத்தனையோ வீடுகளில் யாராவது உட்கார்ந்திருப்பார்கள்.

அலெக்சாண்டர் லூரியா ரஷ்ய மூளை விஞ்ஞானி. 1902இல் கசானில் பிறந்தவர். அவர் எழுதியதில் உங்களுக்கு வேண்டியது ஒரு சின்னப் புத்தகம். ஆங்கிலத்தில் 'தி மேன் வித் எ ஷாட்டர்ட் வேர்ல்ட்'. அதில் வரும் ஸாஸெட்ஸ்கிக்கு 23 வயது, பொறியியல் மாணவன். 1943 மார்ச்சில் ஸ்மோலென்ஸ்க் போர்முனையில் மண்டையின் இடப்பக்கம், பின்பகுதியில் குண்டு பாய்ந்தது. உயிர் பிழைத்து, லூரியாவிடம் சிகிச்சைக்கு வந்தான். ஆனால் எதைப் பார்த்தாலும் வலது பாதி தெரியவில்லை. ஒரு எழுத்துகூட அடையாளம் தெரியவில்லை. 'அப்பாவின் சகோதரர்', 'சகோதரரின் அப்பா' இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று பிடிபடவில்லை. நமக்குச் சித்தப்பா, பெரியப்பா என்று ஒரே சொல்லாக இருப்பது எவ்வளவு பெரிய வசதி என்று அந்த இடத்தில் நினைத்துக்கொண்டேன்.

சின்னக் குழந்தை மாதிரி முதலிலிருந்து எழுத்துப் படித்தான். ஒவ்வொரு எழுத்தையும் தேடித் தேடி எழுத வேண்டியிருந்தது. ஒரு நாள் மருத்துவர், "யோசிக்காதே, கையை எடுக்காமல் ஒரே வீச்சில் எழுது" என்றார். எழுதினான். 'ரத்தம்' என்ற சொல் தாளில் முழுசாக வந்திருந்தது. தான் எழுதியதை அவனாலேயே வாசிக்க முடியவில்லை. ஆனால் கைக்கு அந்தச் சொல் தெரிந்திருந்தது. இந்தப் பக்கத்தில் நான் ஒவ்வொரு முறையும் நின்றுவிடுகிறேன். அதற்குப் பிறகு 25 வருஷம் எழுதினான், அக்கா. 3,000 பக்கம். சில நாள் அரைப் பக்கம்கூடத் தேறாது.

இப்படி வேறு வழியில் மீட்கலாம் என்று லூரியாவுக்கு எப்படித் தோன்றியது? அவர் முதலில் குழந்தைகளைக் கவனித்தவர். நண்பரான உளவியல் அறிஞர் விகோட்ஸ்கியோடு சேர்ந்து, பிள்ளைகள் எப்படி யோசிக்கக் கற்கிறார்கள் என்று பார்த்தவர். குழந்தை எதையும் முதலில் இன்னொருவர் துணையோடுதான் செய்கிறது. அம்மா வெளியே சொன்ன சொல்தான் பிறகு அதன் மனசுக்குள் பேசுகிறது என்பது அவர்கள் கண்டது. அப்படிக் கட்டி எழுப்பிய திறமை உடைந்தால், வேறு வழியில் மறுபடி கட்டலாமே என்று லூரியா யோசித்தார். நடுக்குவாத நோயாளி ஒருவரால் வெறும் தரையில் இரண்டு அடி எடுத்து வைக்க முடியாது. தரையில் காகிதத் துண்டுகளைப் போட்டு வைத்தால், ஒவ்வொன்றாகத் தாண்டித் தாண்டி நடந்துவிடுவார். பழைய பாதை அடைபட்டிருந்தது; கண் வேறொரு பாதையைத் திறந்து கொடுத்தது.

அதனால், நீங்கள் பக்கத்தில் உட்கார்ந்து அ, ஆ சொல்வதைச் சின்ன வேலையாக நினைக்காதீர்கள். லூரியா கண்டதை வைத்துப் பார்த்தால், நம் பிள்ளைக்கு நடக்கும் வைத்தியத்தில் அதுவும் ஒரு பெரிய பங்கு.

பொய் நம்பிக்கை தர மாட்டேன். ஸாஸெட்ஸ்கி பழையபடி ஆகவில்லை. கடைசிவரை கஷ்டப்பட்டான். ஒவ்வொரு காயமும் வேறு மாதிரி. அவனுக்குப் பலித்தது நம் பிள்ளைக்கு அப்படியே பலிக்கும் என்றில்லை. ஆனால் ஸாஸெட்ஸ்கியின் மூளையின் முன்பகுதிக்கு அடிபடவில்லை. அதனால் தனக்கு என்ன ஆனது என்று அவனுக்குத் தெரிந்தது, வெட்கம் இருந்தது, விடாமல் முயலும் பிடிவாதம் இருந்தது. நம் பிள்ளையும் தப்பாக வாசித்தால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறான் என்றீர்களே, எனக்கு அதுதான் ஞாபகம் வந்தது.

பேச்சுப் பயிற்சி தருபவரிடம் இந்த ஒரே வீச்சில் எழுதும் விஷயத்தைக் கேட்டுப் பாருங்கள். அப்புறம், ஞாயிற்றுக்கிழமை மாலை நான் கூப்பிடுகிறேன். ஸ்பீக்கரில் போடுங்கள். அந்தப் புத்தகத்தை வாரம் ஒரு பக்கம் தமிழில் சொல்கிறேன், அவனும் கேட்கட்டும்.

அன்புடன்,
உங்கள் தங்கை