மதிப்புப் பத்தியை அவசரமாக எழுதாதே, மகளே

அன்பு மகளுக்கு,

நீ அனுப்பிய பிராது (வழக்கு மனு) நகலை நேற்று ராத்திரி இரண்டு தடவை படித்தேன். நடை நன்றாக வந்திருக்கிறது. ஆனால் வழக்கின் மதிப்பையும் அதற்கான கோர்ட் கட்டணத்தையும் சொல்லும் மதிப்புப் பத்தியை மட்டும் உன் சீனியரின் பழைய கட்டிலிருந்து அப்படியே எடுத்துப் போட்டிருக்கிறாய். முப்பது வருஷம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவன் கண்ணுக்கு அது தெரிந்துவிடும். போனில் சொன்னால் 'சரிப்பா' என்று வைத்துவிடுவாய், அதனால் எழுதுகிறேன்.

சொத்து வழக்கு என்றதும் நாம் நிலத்தின் விலையைக் கேட்கிறோம். கோர்ட்டோ, நீ என்ன பரிகாரம் கேட்கிறாய் என்றுதான் முதலில் பார்க்கும். 8 லட்சம் பெறுகிற ஒரு மனை என்று வைத்துக்கொள். சொத்து என்னுடையது என்று கோர்ட் அறிவிக்கும் உரிமை விளம்புகையும், அதைக் கையில் வாங்கும் சுவாதீனமும் சேர்த்துக் கேட்டால், 1955ஆம் வருஷத்துத் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 25ஆம் பிரிவுப்படி முழு 8 லட்சமும் வழக்கின் மதிப்பு. சுவாதீனம் கட்சிக்காரரிடமே இருக்கிறது, விளம்புகையோடு தடையுத்தரவு போதும் என்றால் பாதி, அதாவது 4 லட்சம். உரிமையில் தகராறு இல்லாத வெறும் தடையுத்தரவு வழக்கு என்றால், சட்டம் சொல்லும் குறைந்தபட்சத்துக்குக் கீழே போகாமல் நாம் போடுகிற தொகைதான். மனை ஒன்றுதான், ஆனால் கேட்பதைப் பொறுத்து கீழே முன்சீப் கோர்ட், அதற்கு மேலே சப் கோர்ட் என்று இடம் மாறலாம். சந்தை மதிப்பும் பிராது தாக்கலாகும் தேதியில் உள்ளதுதான், பத்திரம் போட்ட தேதியில் உள்ளது இல்லை. கோர்ட்டுகளின் எல்லைத் தொகையை அரசு அவ்வப்போது உயர்த்தும், அதையும் ஒருமுறை பார்த்துக்கொள்.

இப்போது உன் பாகப்பிரிவினை வழக்குக்கு வருகிறேன். நீ கைக்குழந்தையாக இருந்தபோது ஒரு அம்மா எங்கள் ஆபீஸுக்கு வந்தார். அண்ணன் தம்பிகள் மேல் பாகம் கேட்டு வழக்கு. வராந்தா பெஞ்சில் என் பக்கத்தில் உட்கார்ந்து, வருஷா வருஷம் பொங்கலுக்கு அந்த வீட்டுக்குப் போவேன், மடியில் புது அரிசி கட்டித்தான் அனுப்புவார்கள் என்று சொன்னார். உள்ளே வக்கீல் ஐயா சொல்லச் சொல்ல நான் டைப் அடித்தேன். வாதியைச் சொத்திலிருந்து அடியோடு விலக்கி விரட்டிவிட்டார்கள் என்று ஒரு வரி வந்தது. வேகத்துக்காக அவர் சொன்ன வரி. அது பொய் என்று எனக்குத் தெரியும். விரல் ஒரு நிமிஷம் நின்றது, அப்புறம் அடித்துவிட்டேன்.

எதிர்த்தரப்பு அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டது. கூட்டு சுவாதீனத்தில் இருக்கிற பங்காளி என்றால் அதே கட்டணச் சட்டத்தின் 37(2), கட்டணம் நிலையான சிறு தொகை. விலக்கப்பட்டவர் என்றால் 37(1), பங்கின் சந்தை மதிப்பில் கட்டணம். அவர் பங்கு 4 லட்சம். அன்றைக்கு நூற்றுக்கு ஏழரை, ஆக 30,000 ரூபாய். 2017இல்தான் அது 3 சதவீதமானது. அடுத்த வாய்தாவுக்கு அந்த அம்மா காதில் வேப்பங்குச்சி செருகிக்கொண்டு வந்தார்.

உச்ச நீதிமன்றம் 1980இலேயே, நீலாவதி எதிர் நடராஜன் வழக்கில், இதே 37ஆம் பிரிவை வைத்துத் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. வருமானத்தில் பங்கு தரவில்லை என்பதாலேயே ஒருவர் விலக்கப்பட்டவர் ஆகிவிட மாட்டார், விலக்கினார்கள் என்று பிராதில் திட்டவட்டமாக இருக்க வேண்டும் என்று. நாங்களே எழுதிக் கொடுத்துவிட்டோம். உன் நகலின் ஆறாவது பத்தியிலும் 'விலக்கி வைத்துள்ளனர்' என்று இருக்கிறது. உண்மையா என்று உன் கட்சிக்காரரிடம் கேட்டாயா? உண்மையென்றால் இருக்கட்டும், 37(1)இலேயே கட்டணம் கட்டு. இல்லையென்றால் எடுத்துவிடு. இன்னொன்று, 37(2) என்றாலும் எந்தக் கோர்ட் என்று முடிவு செய்யச் சந்தை மதிப்பு வேண்டும். கட்டணம் நிலையானது என்று அந்த இடத்தைக் காலியாக விடாதே.

மதிப்பைக் குறைத்துப் போட்டுவிட்டுப் பிறகு சமாளிக்கலாம் என்று யாராவது சொன்னால் கேட்காதே. பீகாரில் மோங்கீர் பக்கம் 12 ஏக்கர் சொச்சம் நிலத்துக்கு வழக்குப் போட்டவர்கள் 2,950 ரூபாய் என்று மதிப்புக் காட்டினார்கள். இரண்டு கோர்ட்டிலும் தோற்று பாட்னா உயர் நீதிமன்றம் போனபோது சரியான மதிப்பு 9,980 என்று முடிவாயிற்று. அப்படியானால் முதல் அப்பீலே உயர் நீதிமன்றத்துக்கு வந்திருக்க வேண்டும், மாவட்டக் கோர்ட் தீர்ப்பு செல்லாது என்று அவர்களே வாதாடினார்கள். தீர்ப்பின் நியாயத்துக்கு அதனால் பாதகம் வந்ததாகக் காட்டாமல் அதைக் கலைக்க முடியாது என்று 1954இல் உச்ச நீதிமன்றம் தள்ளிவிட்டது. கிரண் சிங் வழக்கு. தீர்ப்பு எழுதியவர் நம் டி.எல். வெங்கடராம ஐயர், டி.கே. பட்டம்மாளுக்குத் தீட்சிதர் கிருதிகள் சொல்லிக்கொடுத்தவர். தேடிப் படி, அவ்வளவு தெளிவாக இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை கட்சிக்காரரை வரச்சொல். அந்த வீட்டுக்குக் கடைசியாக எப்போது போனார், யார் கதவு திறந்தார்கள், என்ன கொடுத்தனுப்பினார்கள் என்று கேள். கேட்டுவிட்டு எனக்கு போன் பண்ணு, மதிப்புப் பத்தியை இரண்டு பேரும் சேர்ந்து எழுதலாம்.

அன்புடன்,
அப்பா