ஓவியர் வீட்டைக் காலி செய்யும் வாரிசுகளுக்கு ஒரு திறந்த மடல்

அமெரிக்காவில் ஓவியரோ சிற்பியோ காலமானபின், அவருடைய வீட்டையும் பட்டறையையும் ஒழித்துக்கொடுக்கும் பொறுப்பு தலையில் விழுந்த மகள், மகன், மருமகன், பேத்திகளுக்கு,

வணக்கம். ஓவியங்களைப் பத்திரப்படுத்த உங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். கேலரிக்காரர் முதல் வாரமே வாசலில் நிற்பார். அதன் பிறகு மிஞ்சும் ஷூ பெட்டிகள், பில் கட்டுகள், யாரென்று தெரியாத முகங்கள் நிறைந்த ஆல்பங்கள் பற்றித்தான் இந்த மடல். நல்லெண்ணத்தோடு குடும்பத்தார் செய்யும் 'ஒழுங்குபடுத்தல்' கெடுக்கிற அளவுக்குக் கரையான்கூடக் கெடுப்பதில்லை.

அமெரிக்க ஓவியர் தாமஸ் ஈகின்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். அவர் மனைவி சூசன் 1938இல் இறந்தபின், ஃபிலடெல்ஃபியா வீட்டில் மிச்சம் கிடந்ததை முன்னாள் மாணவர் சார்ல்ஸ் பிரெக்லர் அள்ளிச் சேர்த்தார். 1985இல்தான் அது பென்சில்வேனியா நுண்கலை அகாடமிக்கு வந்தது. அதிலிருந்த நெகட்டிவ்களையும் பிரிண்டுகளையும் ஓவியங்களோடு ஒப்பிட்டபோது, நேரில் பார்த்து வரைபவர் என்று பேரெடுத்த ஈகின்ஸ், புகைப்படங்களைக் கான்வாஸில் ஒளிபாய்ச்சிக் கோடு எடுத்திருப்பது தெரியவந்தது. 1881ஆம் ஆண்டின் 'மெண்டிங் த நெட்' ஓவியத்தில் வலை பின்னும் ஆட்கள் ஒரு படத்திலிருந்தும் மரம் இன்னொன்றிலிருந்தும் வந்தவை. உருவங்களை இடம் பிசகாமல் நிறுத்த, சாயத்தில் ஊசியால் கீறிய நுண்ணிய அடையாளங்கள் இன்னும் இருக்கின்றன. 'மங்கலான மீனவர் படம்' என்று யாராவது அந்த நெகட்டிவைத் தூக்கி எறிந்திருந்தால் அந்தக் கீறல்களுக்குப் பொருளே இல்லை.

ஓவியர் எட்வர்ட் ஹாப்பர் பேசாமடந்தை. பேசியதெல்லாம் மனைவி ஜோவின் கணக்கு நோட்டுகள். ஒவ்வொரு ஓவியத்துக்கும் ஹாப்பர் போட்ட சின்ன ஸ்கெட்ச், அதன்கீழ் ஜோவின் கையெழுத்தில் விலை, கேலரி பிடித்த கமிஷன், வாங்கியவர். 1942இன் 'நைட்ஹாக்ஸ்' பக்கத்தில் மலிவு உணவகத்தின் பளீர் வெளிச்சம், செர்ரி மரக் கவுண்டர், சாண்ட்விச் தின்னும் சிவப்புச் சட்டைப் பெண் எல்லாம் பதிவாகியிருக்கின்றன. அடர்நிற சூட் ஆளை 'நைட் ஹாக்' (இராப்பறவை) என்று எழுதி, பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் 'பறவை அலகு' என்று அவன் மூக்கைக் குறித்திருக்கிறார் ஜோ. ஓவியத்தின் பெயருக்கு எத்தனையோ தத்துவ விளக்கங்கள் உண்டு. நோட்டு சொல்வது ஒரு மூக்கை. ஜோவும் ஓவியர் என்பது வேறு கதை. அவர் படைப்புகளுக்கு அந்தக் கவனிப்பு கிடைக்கவில்லை.

ஆகவே, எதையும் தொடுமுன் ஒவ்வொரு இழுப்பறையையும் அலமாரியையும் சுவரையும் அப்படியே படம் எடுங்கள். பிறகு ஓர் இழுப்பறைக்கு ஒரு பெட்டி. எங்கிருந்து எடுத்தது என்று மேலே எழுதுங்கள். தேதிவாரியாக அடுக்காதீர்கள். ஒரு பில் எந்தக் கடிதத்தோடு கிடந்தது என்பதே ஒரு தகவல். கடித உறைகளை வீசாதீர்கள். தேதி போடாத கடிதத்துக்கு அஞ்சல் முத்திரைதான் சாட்சி. ரப்பர் பேண்டையும் துருப்பிடித்த கிளிப்பையும் எடுத்துவிடலாம். கிழிசலுக்கு செல்லோடேப் வேண்டாம், லேமினேஷன் வேண்டவே வேண்டாம். செய்தித்தாள் நறுக்குகளின் அமிலம் பக்கத்துத் தாளில் பழுப்பாக இறங்கும். இடையில் அமிலமற்ற தாள் வையுங்கள். பழைய ஃபேக்ஸ் தாளில் எழுத்து மங்கிக்கொண்டே போகும், உடனே நகலெடுங்கள். பரணும் நிலவறையும் ஆகாது. 21 டிகிரி செல்சியஸுக்கு மேல் போகாமல், ஈரப்பதம் 35 முதல் 50 சதவீதத்துக்குள் இருக்கும் அறை போதும்.

புகைப்படங்களில் பின்பக்கத்தை முதலில் பாருங்கள். எடுத்தவரின் முத்திரை, கேலரி லேபிள், யாரோ கிறுக்கிய பெயர் எல்லாம் அங்கேதான் இருக்கும். நீங்கள் பெயர் எழுதுவதானால் மென்மையான பென்சிலால், ஓரத்தில், அழுத்தாமல். பால்பாயிண்ட் தடம் முன்பக்கம் புடைக்கும். பசைக்கோடு போட்ட ஆல்பத்தில் ஒட்டிய படத்தைப் பிய்க்காதீர்கள். மெழுகு தடவாத பல் இடுக்கு நூலை அடியில் மெல்ல நுழைத்து அறுக்கலாம். கழலவில்லையென்றால் பக்கத்தோடு விட்டுவிடுங்கள். பிளாஸ்டிக் உறை பாலியெஸ்டரோ பாலிப்ரொப்பிலீனோ ஆகட்டும்; பிவிசி கூடாது.

நெகட்டிவ் பெட்டியைத் திறந்ததும் வினிகர் நெடி அடித்தால் அசிட்டேட் ஃபிலிம் சிதைகிறது. அந்த ஆவி அடுத்த ஃபிலிமையும் கெடுக்கும். தனியே பிரித்து, குளிரான இடத்துக்கு மாற்றுங்கள். காற்றுப் புகாத டப்பாவில் அடைத்தால் அமிலம் உள்ளேயே தங்கிச் சிதைவு வேகமாகும். 1950களின் தொடக்கத்துக்கு முந்தைய ஃபிலிம் நைட்ரேட்டாகவும் இருக்கலாம். அது எளிதில் தீப்பிடிக்கும். விளிம்பில் 'நைட்ரேட்' என்றோ 'சேஃப்டி' என்றோ அச்சிட்டிருக்கிறதா பாருங்கள். பிசுபிசுத்துப் பழுப்பேறியிருந்தால் வீட்டில் வைக்காமல் நிபுணரைக் கூப்பிடுங்கள்.

எங்கே கொடுப்பது? 1954இல் டெட்ராய்ட்டில் தொடங்கி 1970இல் ஸ்மித்சோனியன் அருங்காட்சியக நிறுவனத்தோடு இணைந்த 'ஆர்கைவ்ஸ் ஆஃப் அமெரிக்கன் ஆர்ட்' என்ற கலைஞர் ஆவணக் காப்பகம் ஒரு வழி. முதல் உலகப் போரில் வலக்கை ஊனமான ஓவியர் ஹொரேஸ் பிப்பின் காதில் விழுந்தபடியே எழுத்துக்கூட்டி எழுதிய போர் நினைவு நோட்டுகள் அங்கேதான் உள்ளன. உள்ளூர் மியூசியமும் பல்கலைக்கழகமும்கூட நல்லவையே. துண்டுபோட்டு மட்டும் கொடுக்காதீர்கள். புகைப்படக் கலைஞர் விவியன் மேயரின் வாடகைக் கிடங்குப் பொருள்கள் 2007இல் சிகாகோவில் ஏலம்போய்ப் பலர் கைக்குச் சிதறின. நெகட்டிவ் வாங்கியவர்களுக்குப் பதிப்புரிமை சொந்தமா என்ற வழக்கு பின்னர் வந்தது.

பொருள் வேறு, பதிப்புரிமை வேறு. உங்கள் தந்தைக்கு நண்பர் எழுதிய கடிதத்தின் தாள் உங்களுடையது. வாசகங்கள் நண்பருடையவை, அவர் இறந்து 70 ஆண்டுகள் வரை. கலைஞர் உயிரோடிருக்கையில் தன் தாள்களைத் தானே கொடுத்தால், 1969ஆம் ஆண்டு வரிச் சட்டத்தின்படி தாள், மை விலைக்குத்தான் வரிச்சலுகை. வாரிசாகப் பெற்ற நீங்கள் கொடுத்தால் சந்தை மதிப்புக்குக் கேட்கலாம். 5,000 டாலரைத் தாண்டினால் தகுதியுள்ள மதிப்பீட்டாளரின் அறிக்கையும் 8283 என்ற வருமான வரிப் படிவமும் தேவை. வாங்கிக்கொள்ளும் காப்பகமே மதிப்புப் போட முடியாது.

கடைசியாக, அந்தரங்கக் கடிதங்கள். எரிக்காதீர்கள், மூடி வையுங்கள். ஓவியர் ஜார்ஜியா ஓ'கீஃபும் அவர் கணவரான புகைப்படக் கலைஞர் ஆல்ஃபிரட் ஸ்டீக்லிட்ஸும் எழுதிக்கொண்ட சுமார் 25,000 பக்கங்கள், ஓ'கீஃப் 1986இல் இறந்து 20 ஆண்டுகள் யேல் பல்கலைக்கழகத்தில் முத்திரையிடப்பட்டிருந்து 2006இல் திறக்கப்பட்டன. நன்கொடைப் பத்திரத்தில் 'குடும்பத்தார் அனுமதித்தால்' என்று எழுதினால் ஒரு தலைமுறை கழித்து அனுமதி கேட்க ஆள் கிடைக்காது. திறக்கும் தேதியை நாள், மாதம், ஆண்டோடு போடுங்கள். பெட்டி முழுவதையும் அடைக்காமல் எந்தெந்த ஃபோல்டர் என்று எண்ணிட்டு எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஆவணக் காப்பகப் பணியாளர்கள் சிலர்