சென்ட்ரல் எதிரே சுக்கு காபி விற்ற அண்ணனுக்கும் மற்றவர்களுக்கும்

வணக்கம்.

போன ஐப்பசியில் அம்மாவைச் சென்ட்ரலுக்கு எதிரே இருக்கும் பெரிய ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தோம். பெண்கள் வார்டு என்பதால் ராத்திரியில் தங்கை உள்ளே, நான் வெளியே. 11 ராத்திரி. ஆரணிக்காரனுக்குச் சென்னையில் தெரிந்த முகம் ஒன்றும் கிடையாது. மெட்ரோ சுரங்கத்தில் குளிர்ச்சியாக உட்கார்ந்திருக்கலாம், 11 மணியோடு அதுவும் சரி. ரிப்பன் மாளிகையில் கலர் விளக்கு மாறுவதை எவ்வளவு நேரம்தான் பார்ப்பது?

அண்ணே, முதல் ராத்திரி சைக்கிளை நிறுத்தியதும் நீங்கள் கேட்டது "எந்த வார்டு?" என்றுதான். எப்படித் தெரியும் என்றேன். "பை இருந்தா ரயிலு, ஃபிளாஸ்க் மட்டும் இருந்தா ஆஸ்பத்திரி" என்றீர்கள். அப்புறம் தினமும் ஒரு மணி வாக்கில் வருவீர்கள். டாக்டர் என்ன சொன்னார் என்று போன் போட்டுக் கேட்ட சொந்தக்காரர்கள் நிறைய. அம்மா இன்றைக்கு எத்தனை இட்லி சாப்பிட்டாள் என்று கேட்டவர் நீங்கள் ஒருவர்தான்.

காலை 7 மணி கோரமண்டலுக்கு முந்தின ராத்திரியே வந்து படுத்திருந்த ஒடிசாத் தம்பிக்கு: உனக்குத் தமிழ் வராது, எனக்கு இந்தி வராது. சாரல் அடித்ததும் போர்வையில் பாதியை என் பக்கம் தள்ளினாய். போனில் உன் குழந்தையைக் காட்டினாய், நான் அம்மாவைக் காட்டினேன். விடிந்து பார்த்தால் நீயும் இல்லை, போர்வையும் இல்லை. ரயிலைப் பிடித்திருப்பாய்.

சட்டைப் பையிலிருந்து போன் நழுவுகிறது என்று தட்டி எழுப்பிய போலீஸ்காரருக்கும் நன்றி. லத்தியைப் பார்த்துவிட்டு ஓடப் பார்த்தேன், மன்னியுங்கள்.

விடியற்காலையில் ரோடு பெருக்கும் அம்மா, "அப்பால குந்து நைனா, தூசி ஏறும்" என்று அதட்டினீர்களே, என் அம்மா படுத்ததிலிருந்து என்னை யாரும் அதட்டியிருக்கவில்லை.

டிஸ்சார்ஜ் ஆனது பகல் வேளையில். அண்ணே, உங்களிடம் சொல்லிக்கொள்ள முடியவில்லை. சில்லறை இல்லாத அன்றைக்கு "நாளைக்குக் குடு" என்று விட்டீர்களே, இரண்டு காபிக்கு 20 ரூபாய், அது அப்படியே பாக்கி. போன வாரம் மருந்து வாங்க வந்தவன், இப்போது நாலு இட்லி சாப்பிடுகிறாள் என்று சொல்லிவிட்டுப் போகலாமென்று ராத்திரி இரண்டு மணி வரை அதே இடத்தில் நின்றேன். சைக்கிளில் வேறு ஒருவர்தான் வந்தார். என் கையில் பை இருந்தது.

"எந்த ரயிலு?" என்று கேட்டார்.

நன்றியுடன்,
ஆரணியிலிருந்து ஒருவன்