கயலுக்கு: 50 லட்சம் கடனின் முழு விலை

அன்புள்ள கயல்,

வீட்டுக் கடன் அனுமதிக் கடிதத்தைப் படமெடுத்து அனுப்பி, “மாதம் 43,000 கட்டிடலாம்தானே சித்தப்பா?” என்று கேட்டிருந்தாய். கட்டிடலாம். உன் சம்பளமும் மாப்பிள்ளை சம்பளமும் சேர்ந்தால் தாங்கும். ஆனால் அந்தக் கடிதத்தில் தவணைத் தொகை மட்டும்தான் தடித்த எழுத்தில் இருக்கிறது, உன் கண்ணும் நேராக அங்கேதான் போயிருக்கிறது. வங்கியில் கடன் பிரிவில் நான் உட்கார்ந்திருந்த காலம் முழுக்க இதே கதைதான். மாதம் எவ்வளவு என்று கேட்காத ஆள் கிடையாது. மொத்தம் எவ்வளவு என்று கேட்டவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். இதே மாதிரிக் கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு யோசிப்பவர்கள் நிறையப் பேர் இருப்பார்கள் என்பதால், நீ சரி சொன்ன பிறகு, பதிலை எல்லோரும் படிக்கும்படி இங்கேயே எழுதுகிறேன்.

கடன் 50 லட்சம். வட்டி 8.5 சதவீதம். 240 மாதம். தவணை 43,391 ரூபாய். பெருக்கிப் பார்: 1 கோடியே 4 லட்சத்து 13 ஆயிரத்து 840. வாங்கிய 50 லட்சத்துக்கு வட்டி மட்டும் 54 லட்சம். இதோடு கையிலிருந்து போடும் 15 லட்சம் இருக்கிறது. அப்புறம் பத்திரச் செலவு. தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். வீட்டு விலை 65 லட்சத்துக்கு 5 லட்சத்து 85 ஆயிரம். பத்திரச் செலவுக்கு வங்கி கடன் தராது, அது உன் பையிலிருந்துதான் போக வேண்டும். ஆக, தாம்பரம் பக்கத்தில் 65 லட்சத்துக்குப் பேசி முடித்த ஃபிளாட் உனக்கு முழுதாகச் சொந்தமாகும்போது ஏறக்குறைய 1 கோடியே 25 லட்சம் போயிருக்கும். அபார்ட்மென்ட் பராமரிப்பு, சொத்து வரி, பத்து வருடத்துக்கு ஒரு பெயின்ட் எல்லாம் இதில் வராது. பராமரிப்பு மாதம் 3,500 என்றாய். அது 20 வருடம் ஏறாமலே இருந்தாலும் 8 லட்சத்து 40 ஆயிரம். ஏறாமல் இருந்த சங்கத்தை நான் பார்த்ததில்லை.

பயமுறுத்தச் சொல்லவில்லை. 20 வருடம் கழித்து நீ கட்டும் 43,391 இன்றைய 43,391 இல்லை என்பதும் உண்மை. விலைவாசி வருடத்துக்கு 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணை இன்றைய மதிப்பில் 16,000 சொச்சம்தான். சம்பளமும் ஏறும், தவணை அப்படியே நிற்கும். வாடகை வீட்டில் இருப்பவருக்கு அந்த வசதி கிடையாது. அதனால் வாங்காதே என்று நான் சொல்லப் போவதில்லை. விலை எங்கே சேர்கிறது என்பது உனக்குத் தெரிந்திருக்க வேண்டும், அவ்வளவுதான்.

அது சேர்வது முதல் சில வருடங்களில். முதல் மாதம் நீ கட்டும் 43,391-ல் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974. முதல் வருடம் முழுக்கக் கட்டுவது 5 லட்சத்து 20 ஆயிரம். கடன் குறைவது ஒரு லட்சத்துக்கும் கொஞ்சம் கம்மி. இதில் வங்கியின் சூழ்ச்சி எதுவும் இல்லை. பாக்கி நிற்கும் அசலுக்கு அந்த மாத வட்டியை எடுத்துக்கொண்டு, மிச்சத்தை அசலில் கழிக்கிறார்கள். ஆரம்பத்தில் பாக்கி பெரிது, அதனால் வட்டியும் பெரிது. பாதித் தவணைக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவதற்குக் கிட்டத்தட்ட 12 வருடம் ஆகும். கடன் பாதியாக, அதாவது 25 லட்சமாகக் குறைய, 13 வருடம் 10 மாதம்.

ஐந்து வருடம் கட்டிய பிறகு வீட்டை விற்கவோ கடனை வேறு வங்கிக்கு மாற்றவோ வருகிறவர்கள் பாக்கித் தொகையைப் பார்க்கும் காட்சி என் மேசைக்கு முன்னால் அடிக்கடி நடக்கும். உன் கணக்கிலேயே சொல்கிறேன்: ஐந்து வருடத்தில் 26 லட்சம் கட்டியிருப்பாய், பாக்கி 44 லட்சம் காட்டும். “சார், சிஸ்டத்துல ஏதோ தப்பு, இன்னொரு தடவை பாருங்க” என்பார்கள். ஸ்டேட்மென்டை அச்செடுத்து, வட்டிக் கட்டத்தையும் அசல் கட்டத்தையும் பேனாவால் வட்டம் போட்டுக் காட்ட வேண்டியிருக்கும். சிலர் அந்தத் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு ஒன்றும் பேசாமல் எழுந்து போவார்கள்.

மாப்பிள்ளை 30 வருடக் கடனாகக் கேட்கலாம் என்கிறாராமே. தவணை 38,446 ஆகும், மாதம் 4,945 மிச்சம். பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சமாகப் போகிறது. மாதம் ஐந்தாயிரம் மிச்சத்துக்கு 34 லட்சம் விலை. எதிர்ப்பக்கமும் பார்: 15 வருடம் என்றால் தவணை 49,237, வட்டி 38 லட்சத்து 63 ஆயிரம். இப்போதைய தவணைக்கு மேல் மாதம் 5,846 போட்டால் பதினைந்தரை லட்சம் மிச்சம். “30 வருடத்துக்கு எடுத்துவிட்டு, கையில் காசு வரும்போதெல்லாம் முன்கூட்டிக் கட்டிவிடுவோம்” என்று அவர் சொல்வதும் கணக்கில் சரிதான், கஷ்ட காலத்தில் தவணை குறைவாக இருப்பது நல்லதுதான். நானும் அப்படிச் சொன்னவர்களை நிறையப் பார்த்தேன். சொன்னபடி கட்ட வந்தவர்கள் கொஞ்சம் பேர். முதல் போனஸ் மாடுலர் கிச்சனுக்குப் போகும், இரண்டாவது காருக்கு. உங்களை எனக்குத் தெரியும், 20-ஐயே வைத்துக்கொள்ளுங்கள்.

இனி, 20 வருடம் என்று எழுதியிருப்பது 20 வருடமாகவே இருக்குமா என்ற விஷயம். உன்னுடையது மாறும் வட்டி. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தோடு (வங்கிகளுக்கு அது குறுகிய காலக் கடன் தரும் வட்டி), கட்டப்பட்டிருக்கின்றன. ரெப்போ ஏறினால் உன் வட்டியும் ஏறும். 2022 மே மாதம் 4 சதவீதத்திலிருந்து ஏறத் தொடங்கிய ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5-ல் போய் நின்றது. பத்து மாதத்துக்குள் இரண்டரை சதவீதம்.

அதன் விளைவைக் கணக்குப் போட்டுக் காட்டுகிறேன். 2021-ல் ஒருவர் 6.75 சதவீதத்தில் 50 லட்சம், 20 வருடத்துக்கு எடுத்தார் என்று வை. தவணை 38,018. ஒன்றரை வருடம் கழித்துப் பாக்கி 48 லட்சத்து 13 ஆயிரம், வட்டி 9.25. அந்த மாத வட்டி மட்டுமே 37,101. தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது 917 ரூபாய். இந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 40 வருடத்துக்கு மேல் ஆகும்! வங்கிகள் அப்போது பெரும்பாலும் தவணையை ஏற்றவில்லை, காலத்தை ரப்பர் மாதிரி இழுத்துவிட்டன. தவணை மாறாததால் வாடிக்கையாளருக்கு உறைக்கவே இல்லை, ஒரு எஸ்.எம்.எஸ். வந்திருக்கும், படித்திருக்க மாட்டார். இதற்காகத்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி தலையிட்டது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றவா, காலத்தை நீட்டவா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்யவா என்று வாடிக்கையாளருக்குத் தெரிவு கொடுக்க வேண்டும், மாதத் தவணை குறைந்தபட்சம் அந்த மாத வட்டிக்காவது காண வேண்டும் என்று சொன்னது. ஆகவே எஸ்.எம்.எஸ். வந்தால் நீயே கிளைக்குப் போய், தவணையை ஏற்றிக்கொள்கிறேன், காலத்தைத் தொடாதீர்கள் என்று எழுதிக் கொடு. வட்டி இறங்கும்போது இதையே திருப்பிப் போடு. 2025 பிப்ரவரியிலிருந்து ஜூனுக்குள் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. அந்த மாதிரி நேரத்தில் பழைய தவணையையே கட்டிக்கொண்டு வந்தால் மாதங்கள் குறையும்.

அனுமதிக் கடிதத்தின் இரண்டாம் பக்கத்தைப் படித்தாயா? கடனோடு சேர்த்து ஒரு காப்பீடு, ஒரே பிரீமியம் ஒன்றரை லட்சம், “கடன் தொகையில் சேர்க்கப்படும்” என்று ஒரு வரி இருக்கிறது. அதாவது அந்த ஒன்றரை லட்சத்துக்கும் 20 வருடம் வட்டி கட்டுவாய், முடிவில் 3 லட்சத்து 12 ஆயிரம். கவுண்டரில் இருப்பவர் கட்டாயம் என்பார். வீட்டுக் கடனுக்கு இதை எடுத்தே ஆக வேண்டும் என்று ரிசர்வ் வங்கியின் விதி எதுவும் இல்லை. காப்பீடு வேண்டும்தான், உங்கள் இருவருக்கும் தனித்தனியாக ஒரு டெர்ம் பாலிசி, அதாவது குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீடு, எடுத்துவிடுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும்.

வரிச் சலுகை பற்றி உன் ஆபீஸில் சொன்னதையும் கொஞ்சம் தட்டிப் பார்க்க வேண்டும். நீ குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் அது கிடையாது. நீ புதிய முறையில் இருக்கிறாய், வருமானமும் 12 லட்சத்துக்குள். 2025-26 நிதியாண்டு முதல் அதற்கு வரியே இல்லை. இல்லாத வரியை எதற்கு மிச்சம் பிடிப்பது? மாப்பிள்ளை பழைய முறையில் இருந்து, பத்திரத்தில் அவர் பெயரும் இருந்தால் அவருக்குக் கொஞ்சம் பிரயோஜனம். அதுவும் 2 லட்சம் என்ற வரம்புக்குள். முதல் வருட வட்டியே 4 லட்சத்து 21 ஆயிரம். வரிக்காகக் கடனை இழுத்தடிக்கச் சொல்பவர் யாராக இருந்தாலும் காதில் வாங்காதே.

முன்கூட்டிக் கட்டுவதைப் பற்றிச் சொல்லத்தான் இவ்வளவும். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் போடக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, ஒவ்வொரு வருட முடிவிலும் 43,391 போட்டுவா. 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் 10 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

எப்போது போடுகிறாய் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. முதல் வருட முடிவில் ஒரு லட்சம் போட்டால் கடைசியில் 11 தவணை போல் குறைகிறது, ஏறக்குறைய 4 லட்சத்து 80 ஆயிரம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் போட்டால் குறைவது மூன்றரைத் தவணை, ஒன்றரை லட்சம். கையில் கொஞ்சம் சேரட்டும், அப்புறம் மொத்தமாகக் கட்டலாம் என்று காத்திருப்பவர்கள் இழப்பது இதைத்தான். போடும்போது வங்கியின் மொபைல் ஆப்பில் “தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா” என்று கேட்டால் காலத்தைக் குறை.

மாப்பிள்ளை உடனே, அந்தப் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் 12 சதவீதம் வருமே என்பார். வரலாம். இங்கே 8.5 நிச்சயம், அதற்கு வரியும் இல்லை. பாதி அங்கே பாதி இங்கே என்று வைத்துக்கொண்டாலும் நான் சண்டைக்கு வரமாட்டேன். ஆறு மாதச் செலவுக்கு எஃப்.டி.யில் பணம் இருந்த பிறகுதான் இரண்டுமே. அதைத் துடைத்துக் கடனில் கட்டிவிட்டு, ஆஸ்பத்திரிச் செலவுக்குப் பெர்சனல் லோன் எடுக்க வந்தவர்களையும் பார்த்திருக்கிறேன். முன்பணத்தில் குறையும் மூன்று லட்சத்துக்குப் பெர்சனல் லோன் போடலாமா என்று கேட்டிருந்தாய். வேண்டாம். பதிவை இரண்டு மாதம் தள்ளிப்போட முடியுமா என்று விற்பவரிடம் பேசு, இல்லையென்றால் உன் அப்பாவிடம் நான் பேசுகிறேன்.

இப்போது செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல் இந்த மாதிரிக் கடன்களுக்கெல்லாம் முக்கிய விவரங்கள் அடங்கிய ஒரு தாளைக் கையெழுத்துக்கு முன்பே வங்கி தர வேண்டும். எல்லாக் கட்டணத்தையும் சேர்த்த வருடாந்தர வட்டி விகிதம், தவணையில் வட்டி எவ்வளவு அசல் எவ்வளவு என்ற மாதவாரி அட்டவணை இரண்டும் அதில் இருக்கும். அதில் எழுதாத கட்டணத்தை உன் சம்மதம் இல்லாமல் பின்னால் வசூலிக்க முடியாது. உனக்குப் புரியும் மொழியில் கேட்டு வாங்கலாம், தமிழிலேயே கேள். நீ அனுப்பிய படங்களில் அந்தத் தாள் இல்லை. நாளைக்குக் கிளையில் கேட்டு வாங்கி எனக்கு அனுப்பு, புராசசிங் கட்டணமும் லீகல் கட்டணமும் எவ்வளவு போட்டிருக்கிறார்கள் என்று பார்க்க வேண்டும். காப்பீடு பற்றிய அந்த வாசகத்தை எடுத்துவிட்டுப் புதுக் கடிதம் தரச் சொல். ஞாயிற்றுக்கிழமை காலையில் மாப்பிள்ளையையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு போன் பண்ணு, அந்த அட்டவணையை வரிசையாகப் பார்த்துவிடலாம்.

அன்புடன்,
சித்தப்பா