கட்சிக்காரர் இல்லாத வக்கீல் உண்டா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

அரசியலிலிருந்து நீதிபதி நாற்காலிக்கு வந்தவர்களைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். தேர்தலில் ஒருமுறை நின்றவர் ஒருநாளும் நீதிபதி ஆகக்கூடாது என்பது கட்டுரையாளரின் தீர்ப்பு. அதற்காக அமெரிக்காவின் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லியையும் ‘செனட்டராக இருந்து நீதிபதியானவர்’ என்று ஒரே வரியில் கூண்டில் ஏற்றி இறக்கிவிட்டார். நான் மாவட்ட நீதிமன்றத்தில் முப்பத்தோரு வருஷம் வழக்குக் கட்டுகளோடு கிடந்தவன். சாட்சியை முழுதாக விசாரிக்காமல் அனுப்பினால் மனசு கேட்காது.

செனட் என்றதும் வாஷிங்டனை நினைத்துக்கொள்ள வேண்டாம். அவர் இருந்தது நியூயார்க் மாநில செனட்டில். 1964 பிப்ரவரியில் இடைத்தேர்தலில் ஜெயித்து உள்ளே போனார். அந்த அவையில் உட்கார்ந்த முதல் கறுப்பினப் பெண் அவர்தான். மறு வருஷம் நியூயார்க் நகரின் மன்ஹாட்டன் பகுதிக்குத் தலைவர். 1966இல் ஃபெடரல் நீதிபதி, அதாவது மத்திய அரசின் நீதிமன்றத்தில் நீதிபதி. ஆக அரசியலில் அவர் இருந்தது இரண்டரை வருஷம். அதற்கு முன்னால் இருபது வருஷம் வக்கீல். அந்த இருபது வருஷத்தைக் கட்டுரையில் தேடித் தேடிப் பார்த்தேன், காணோம்.

நெவிஸ் என்ற கரீபியன் தீவிலிருந்து பிழைக்க வந்த குடும்பம் மோட்லியுடையது. 1921இல் நியூ ஹேவன் நகரில் பிறந்தார், பன்னிரண்டு பிள்ளைகளில் ஒன்பதாவது. அப்பா யேல் பல்கலைக்கழக மாணவர் சங்கங்களில் சமையல்காரர். மேலே படிக்க வீட்டில் வசதியில்லை. ஊர்க் கூட்டம் ஒன்றில் இந்தப் பெண் பேசியதைக் கேட்ட கிளாரன்ஸ் பிளேக்ஸ்லீ என்ற செல்வந்தர், படிப்புச் செலவை நான் பார்த்துக்கொள்கிறேன் என்று முன்வந்தார். கொலம்பியாவில் சட்டப் படிப்பு முடிவதற்குள்ளேயே, 1945இல், கறுப்பின மக்களின் உரிமை வழக்குகளை நடத்திய வக்கீல் தர்குட் மார்ஷலிடம் போய்ச் சேர்ந்துவிட்டார்.

பள்ளிகளில் நிறப் பிரிவினை செல்லாது என்று 1954இல் தீர்ப்பு வந்த பிரவுன் வழக்கு எல்லாருக்கும் தெரியும். அதன் பிராதை, அதாவது வழக்கைத் தொடங்கும் மனுவை, எழுதியவர் மோட்லி என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? பிராது எழுதுவது லேசுப்பட்ட காரியமில்லை. அங்கே ஒரு வரி சறுக்கினால் வழக்கு கடைசிவரை நொண்டும். பெயர் வழக்கம்போலச் சீனியருக்குத்தான் போகும், அது எந்த நாடானாலும்.

ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின இளைஞரை மிசிசிப்பி பல்கலைக்கழகம் 1962இல் சேர்த்துக்கொண்டதற்கும் இவர் நடத்திய வழக்கே காரணம். அந்த வழக்குக்காக மிசிசிப்பியின் ஜாக்சன் நகருக்குப் போகும்போதெல்லாம், கறுப்பின உரிமைக்குப் போராடிய மெட்கர் எவர்ஸ் உடன் இருந்து உதவினார். அந்த எவர்ஸை 1963 ஜூனில் அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றார்கள். அப்படிப்பட்ட ஊரில் போய் வாதாடியவர் இவர்.

அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் பத்து வழக்குகள் வாதாடி ஒன்பதில் ஜெயித்தார். தோற்ற ஒன்று 1965இன் ஸ்வெயின் வழக்கு. ஜூரியாக வரும் கறுப்பின மக்களை அரசு வக்கீல் காரணம் சொல்லாமலே கழித்துக்கட்டலாமா என்பது கேள்வி. அதைத் தடுக்க அன்று உச்ச நீதிமன்றம் முன்வரவில்லை. 1986இல் பேட்சன் வழக்கில் அதே உச்ச நீதிமன்றம் தன் பழைய நிலையை மாற்றிக்கொண்டது. அதனால் என் கணக்கில் பத்துக்குப் பத்து என்றே எழுதி வைத்திருக்கிறேன்.

1966 ஜனவரியில் ஜனாதிபதி ஜான்சன் நீதிபதி பதவிக்கு இவர் பெயரை வாஷிங்டன் செனட்டின் ஒப்புதலுக்கு அனுப்பியபோது, அதை ஏழு மாதம் கிடப்பில் போட்டவர் செனட் நீதிக் குழுத் தலைவர் ஜேம்ஸ் ஈஸ்ட்லேண்ட். கம்யூனிஸ்ட் என்ற பழியும் போட்டார். ஈஸ்ட்லேண்டின் மாநிலம் எது? மிசிசிப்பி! இவர் ஓட்டுக் கேட்டுப் போனதா அவருக்கு உறுத்தியது? மெரிடித் வழக்கின் கட்டைத் தூக்கிக்கொண்டு அவர் ஊருக்குள் வந்ததுதான் உறுத்தியது. ஆகஸ்ட் 30இல் ஒருவழியாக ஒப்புதல் கிடைத்தது.

கட்டுரையாளர் எழுப்பும் கேள்வியை மோட்லியிடம் நேருக்கு நேராகவே கேட்டிருக்கிறார்கள். பெண் வக்கீல்களை வேலைக்கு எடுப்பதில் பாரபட்சம் காட்டுவதாக வால் ஸ்ட்ரீட்டின் பெரிய வக்கீல் நிறுவனமான சல்லிவன் அண்ட் குரோம்வெல் மீது ஒரு வழக்கு. அது இவர் கோர்ட்டுக்கு வந்தது. நீங்கள் பெண், கறுப்பினத்தவர், உரிமை வழக்குகள் நடத்தியவர், ஆகவே விலகிக்கொள்ளுங்கள் என்று நிறுவனம் மனுப் போட்டது. 1975இல் அதைத் தள்ளுபடி செய்தார். இனமும் பாலும் பழைய தொழிலும் விலகக் காரணம் என்றால் இந்த நீதிமன்றத்தில் ஒரு நீதிபதியும் மிஞ்சமாட்டார், எல்லாரும் வக்கீலாக இருந்தவர்கள்தான், எல்லாரும் ஆணோ பெண்ணோதான் என்பது உத்தரவின் சாரம். நம் கோர்ட்டுத் தமிழில் வக்கீலைத் தேடி வருகிறவருக்கே ‘கட்சிக்காரர்’ என்றுதானே பெயர்? கட்சிக்காரர் இல்லாத வக்கீலைக் கண்டுபிடித்து நீதிபதி ஆக்குவதென்றால் தொழிலே ஓடாதவரைத்தான் பிடித்துவர வேண்டும்.

சட்டத்தை விட்டு அவர் உணர்ச்சிக்குப் போகவில்லை என்பதற்கு இன்னொரு வழக்கு. 1977இல் பேஸ்பால் வீரர்களின் உடை மாற்றும் அறைக்குள் ஆண் நிருபர்களை விட்டார்கள், மெலிசா லட்கி என்ற பெண் நிருபரை விடவில்லை. அரசியல் சாசனம் அரசைத்தானே கட்டும், தனியார் விளையாட்டில் அதற்கு என்ன வேலை என்று கேட்கலாம். அந்த அறை இருந்த யாங்கி ஸ்டேடியம் நியூயார்க் நகராட்சிக்குச் சொந்தம், குத்தகைக்கு விடப்பட்ட இடம் என்ற பிடியிலிருந்து ஆரம்பித்துத்தான் 1978இல் லட்கிக்குத் தீர்ப்பு எழுதினார்.

கட்டுரையாளரின் பயம் முழுக்க ஆதாரமில்லாதது என்று சொல்ல மாட்டேன். நம் நாட்டில் காங்கிரஸ்காரரான பஹருல் இஸ்லாம் மாநிலங்களவையிலிருந்து நீதிபதியாகப் போய், 1983இல் உச்ச நீதிமன்றப் பதவியை விட்டுவிட்டு மறுபடி கட்சி அரசியலுக்கே திரும்பினார். ஆனால் 1952இல் நம் சென்னை சட்டசபையில் இருந்து, 1957இல் கேரளத்தில் மந்திரியான வி.ஆர். கிருஷ்ணய்யரை என்ன செய்வது? பிற்பாடு உச்ச நீதிமன்ற நீதிபதியாக அவர் எழுதிய தீர்ப்புகளை இன்றும் எடுத்துக் காட்டுகிறார்கள். எனக்குத் தோன்றுவது, நீதிபதி எங்கிருந்து வந்தார் என்பதைவிட, இறங்கியபின் எங்கே போகலாம் என்ற கதவு திறந்திருப்பதில்தான் வில்லங்கம். அங்கே ஃபெடரல் நீதிபதிக்கு ஓய்வு வயது கிடையாது, ஆயுள் பதவி. மோட்லி 2005இல் இறக்கும்வரை 39 வருஷம் நீதிபதியாகவே இருந்தார். இங்கே 65 வயதில் இறங்குகிறவருக்கு எத்தனை கமிஷன்கள், எத்தனை பதவிகள்! அதைப் பற்றிக் கட்டுரையில் ஒரு பத்தியாவது இருந்திருக்கலாம்.

கடைசியாக ஒரு திருத்தம். படத்துக்குக் கீழே மோட்லியை ‘அமெரிக்காவின் முதல் கறுப்பினப் பெண் நீதிபதி’ என்று போட்டிருக்கிறீர்கள். அது 1939இல் நியூயார்க் நகரக் குடும்ப வழக்கு நீதிமன்றத்தில் பதவியேற்ற ஜேன் போலின். ஃபெடரல் நீதிமன்றத்தில் நீதிபதியான முதல் கறுப்பினப் பெண்தான் மோட்லி. அடுத்த இதழில் சரிசெய்து போடுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பெஞ்ச் கிளார்க்,
கும்பகோணம்