திருமலை வீடியோக்காரர்களுக்கு ஒரு திறந்த மடல்

2006க்கு முன் திருகோணமலையில் வீடியோ எடுத்த அண்ணாமாருக்கு,

வணக்கம். உங்கள் கடைப் பின்னறையில் பழைய கசற்றுகள் கிடக்கும். கலியாணவீடு, சாமத்தியவீடு, பத்திரகாளி அம்மன் திருவிழா என்று பேனையால் எழுதி ஒட்டியவை. அவற்றை எறிந்துவிடாதீர்கள் என்று கேட்கத்தான் எழுதுகிறேன்.

2006 ஜனவரி 2ஆம் திகதி கடற்கரையில், காந்தி சிலையடியில், ஐந்து மாணவர்கள் கொல்லப்பட்டதைப் பற்றி ஆவணப்படம் செய்துகொண்டிருக்கிறேன். அவர்கள் கொண்டுவந்த கைக்குண்டே வெடித்தது என்று முதலில் சொல்லப்பட்டது. இல்லை, துப்பாக்கிச் சூடு என்று காட்டியவை 'சுடர் ஒளி' செய்தியாளர் சுப்பிரமணியம் சுகிர்தராஜன் எடுத்த படங்கள். 22 நாட்களில் அவரையும் சுட்டுக் கொன்றார்கள். வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்டிருந்த 13 பேரும் போதிய சான்று இல்லையென்று 2019 ஜூலையில் விடுவிக்கப்பட்டார்கள்.

இந்தக் கதையைச் சொல்ல வருகிறவர்கள் அந்தப் படங்களையே திரும்பத் திரும்பக் காட்டுகிறார்கள், அதுவும் சோக இசை போட்டு. எனக்கு அது பிடிப்பதில்லை. அவை சான்று, சனத்தை அழவைக்க எடுத்தவை அல்ல. என் படத்தில், குடும்பங்கள் சம்மதித்தால், ஒரேயொரு தடவை, இசையில்லாமல் வரும்.

எனக்கு வேண்டியது அதற்கு முந்திய கடற்கரை. 2005இல் பின்னேரம் இருட்டினால் அங்கே எத்தனை விளக்கு எரிந்தது, காவலரண் எந்தப் பக்கம் நின்றது, ஓர் ஆட்டோ எந்த வழியால் வந்து திரும்பலாம்? சாட்சிகள் வாயால் சொன்னதை இடத்தோடு வைத்துப் பார்க்க இது தேவை. ஒரு தொலைக்காட்சியில் கேட்டேன், விநாடிக் கணக்கில் காசு சொன்னார்கள். அவர்களிடம் இருப்பதும் எல்லாம் முடிந்து சனம் கூடிய பிறகு எடுத்ததுதான். மாப்பிள்ளை பொம்பிளையைக் கடலோரம் நடக்கவிட்டு நீங்கள் எடுத்த மூன்று நிமிடத்தில், அவர்களுக்குப் பின்னால், நான் தேடுவது இருக்கும்.

ஒரு தொழில் விசயம். பூஞ்சணம் பிடித்த கசற்றைப் போட்டுப் பார்க்காதீர்கள். ரேப் (நாடா) அறுந்துவிடும், பூஞ்சணம் டெக்கின் ஹெட்டில் ஒட்டி அடுத்த கசற்றுக்கும் பரவும். கடற்காற்று ஏற்கெனவே போதுமான அளவு தின்றிருக்கும். வி.எச்.எஸ். டெக் செய்துவந்த கடைசிக் கொம்பனியும் 2016இல் நிறுத்திவிட்டது. என்னிடம் ஓடுகிற டெக் இரண்டு இருக்கிறது. மினி டி.வி. (MiniDV) என்ற சின்ன டிஜிட்டல் கசற் என்றால் ஒரு மணி நேரம் ஏறக்குறைய 13 ஜி.பி.யாகத் தரம் குறையாமல் கணினிக்கு இறங்கும். கசற் உங்களுக்கே திரும்ப வரும், பிரதியோடு. கலியாணக்காரரைக் கேட்காமல் அவர்கள் முகத்தைப் படத்தில் போடமாட்டேன்.

பயப்படுவீர்கள், நியாயம்தான். சுகிர்தராஜனுக்கு நடந்ததை இந்த ஊரில் கமெரா பிடித்தவருக்கு நான் விளக்கத் தேவையில்லை. பெயர் வேண்டாமென்றால் எங்கும் வராது.

முதலில் கையில் கிடைத்தது ஒரு பிறந்தநாள் வீடியோ. நாலாவது நிமிடத்தில் காந்தி சிலை தெரிகிறது, விளக்கும் எரிகிறது. ஆனால் ஓர் ஐஸ்கிறீம் வான் றோட்டை மறைத்துக்கொண்டு நிற்கிறது. அந்த வான் நகர்ந்த பிறகு அங்கே நின்று எடுத்தவர் உங்களில் யாராவது இருக்கிறீர்களா?