செசேனாவின் ஆயிரம் பேர்

அன்பு மகள் தேன்மொழிக்கு,

அப்பா எழுதுவது. இங்கு அனைவரும் நலம். பொலோனியாவிலிருந்து ரயிலேறி இத்தாலியின் செசேனா நகரைப் பார்த்துவந்ததாக நீ எழுதியதும், 2015 ஜூலை 26 அன்று அவ்வூர்ப் பூங்காவில் எடுத்த காணொளியை மறுபடியும் பார்த்தேன்.

அமெரிக்காவின் சியாட்டிலில் உருவான ‘ஃபூ ஃபைட்டர்ஸ்’ ராக் இசைக்குழுவினரைச் செசேனாவுக்கு வரவழைக்க விரும்பிய ரசிகர் ஃபாபியோ ஸஃபன்யீனியும் தோழர்களும், மனு எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டு நிற்காமல், ஓராண்டுக் காலம் உழைத்து, பொதுமக்களிடம் நிதி திரட்டி, 350 கிதார்க் கலைஞர்கள், 250 பாடகர்கள், 250 டிரம்ஸ் கலைஞர்கள், 150 பாஸ் கிதார்க் கலைஞர்கள் என ஆயிரம் பேரைக் கூட்டி, அக்குழுவின் ‘லேர்ன் டு ஃபிளை’ பாடலை ஒருசேர வாசிக்க வைத்தார்கள். இத்தாலி கனவுகள் எளிதில் கைகூடாத நாடு என்று ஸஃபன்யீனி இறுதியில் பேசியது பலரையும் உருக்கியிருக்கிறது. மிருதங்கம் பழகிய எனக்கோ அந்தத் தாளக்கட்டுதான் பெரிதாகப் பட்டது.

ஒலி ஒரு நொடியில் ஏறத்தாழ 340 மீட்டர்தான் செல்லும். நூறு மீட்டர் தள்ளி நிற்பவர் அடித்த அடி நம் காதுக்கு வந்துசேர நொடியில் மூன்றில் ஒரு பங்கு ஆகிவிடும். அந்தப் பாட்டின் வேகத்தில் அது ஒரு தாள அடியின் பாதிக்கும் மேல். தொலைவில் நிற்பவரைக் கேட்டு வாசித்தால் காலப்பிரமாணம் (தாளத்தின் வேகம்) சிதறிப்போகும் அப்படியொரு திடலில், உயர்ந்த மேடையில் நின்ற இசை நடத்துநர் மார்கோ சாபியுவின் கையசைவுக்கு 250 பேரின் குச்சிகளும் ஒருங்கே இறங்கியதைக் கண்டு நான் எழுந்தே நின்றுவிட்டேன். (பாடகர்களின் குரல்தான் அந்த முழக்கத்தில் சற்று அமுங்கிவிட்டது.)

குழுவின் தலைவர் டேவ் குரோல் சில நாட்களிலேயே, தமக்குத் தெரிந்த கொஞ்சம் இத்தாலிய மொழியில், வருவதாக வாக்களித்தார். ஜூன் மாதம் சுவீடன் மேடையிலிருந்து விழுந்து காலை முறித்துக்கொண்டிருந்தவர், நவம்பர் 3 அன்று செசேனாவுக்கு வந்து அமர்ந்தபடியே பாடினார். அழைத்தவர்களும் அத்துடன் கலைந்துவிடவில்லை. ‘ராக்கின் 1000’ என்ற பெயரில் தொடர்ந்து, 2019இல் பாரிசின் ஸ்டாட் டி பிரான்ஸ் அரங்கு வரை போய் வாசித்தார்கள்.

அடுத்த முறை அவர்கள் ஆள் சேர்க்கும்போது நீயும் டிரம்ஸுக்குப் பெயர் கொடு. அதற்குமுன் தாள வேகம் காட்டும் மெட்ரோனோம் கருவியை வைத்து அந்தப் பாடலை வாசித்து, பதிவு செய்து எனக்கு அனுப்பு. வழக்கம்போல் எந்த இடத்தில் தாளத்தை முந்தி ஓட ஆரம்பிக்கிறாய் என்று கேட்டு எழுதுகிறேன்.

அன்புடன்,
அப்பா